உத்தப்புரத்துச் சுவர்

மதுரை மாவட்டம் உத்தப்புரத்தில், 1989-இல் நடந்த சாதிக் கலவரத்துக்குப் பிறகு பட்டியல் சாதியினரின் தெருக்களைப் பிரித்து எழுப்பப்பட்ட சுவர் ‘தீண்டாமைச் சுவர்’ என்று அழைக்கப்பட்டது. 2008 மே 6 அன்று மாவட்ட நிர்வாகம் அதன் ஒரு பகுதியை இடித்துப் பாதை திறந்தபோது, ஆதிக்கச் சாதியினரில் பலர் வீடுகளைப் பூட்டிவிட்டு ஊரைவிட்டே வெளியேறினார்கள். அண்டை வீட்டாரின் நடமாட்டம் அவ்வளவு பெரிய பாரமா என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை.

சுவரை இடிக்க ஒரு நாள் போதுமானதாக இருந்தது. இரு தரப்பினரும் வழக்குகளை விலக்கிக்கொள்ள ஒப்புக்கொண்டு உடன்படிக்கையில் கையெழுத்திடவோ மூன்றாண்டுகளுக்கு மேல் ஆயிற்று. 2011 நவம்பர் 10 அன்று பட்டியல் சாதி மக்கள் முத்தாலம்மன் கோயிலுக்குள் சென்று வழிபட்டார்கள். ஆனாலும் அடுத்தடுத்த ஆண்டுகளில் வழிபாட்டு உரிமை குறித்த பூசல் மீண்டும் தலைதூக்கியது.