நகத்தளவு சுவிட்ச்

நேற்று சாயங்காலம் எங்கள் சுங்கை சிப்புட் தோட்டத்துக் கிராணி அண்ணன் மடிக்கணினியோடு வந்தார். செம்பனைக் காட்டில் மழை, சேறு எல்லாம் தாங்குகிற முரட்டு ரகம். "தம்பி, மூனு நாளா வைஃபை இல்ல, குலைக் கணக்கு அனுப்ப முடியல" என்றார். பாவம், முகமே வாடியிருந்தது.

வைஃபையை இயக்கும் டிரைவர் மென்பொருளை அழித்து மறுபடி போட்டேன், அசையவில்லை. அப்புறம் பென்டிரைவிலிருந்து லினக்ஸ் இயங்குதளத்தை ஏற்றி, வைஃபை எதனால் அடைபட்டிருக்கிறது என்று காட்டும் 'ஆர்எஃப்கில் லிஸ்ட்' கட்டளையைத் தட்டினால், 'ஹார்ட் பிளாக்ட்: யெஸ்'! அப்படி வந்தால் மென்பொருளால் திறக்க முடியாது. பெரும்பாலும் கணினியின் உடம்பிலேயே ஒரு சுவிட்ச் அணைந்திருக்கும். தேடினேன். பக்கவாட்டில், சேறு அப்பிய நகத்தளவு சுவிட்ச். பழைய பல் பிரஷால் துடைத்துத் தள்ளினேன், விளக்கு எரிந்தது.

வைஃபை கார்டு மாற்றக் காசு கொடுக்கும் முன் அந்தச் சுவிட்சைப் பாருங்கள், மக்களே. அண்ணன் மூன்று நாள் கணக்கையும் இங்கேயே அனுப்பிவிட்டுத்தான் எழுந்தார்.