எழுதாமல் விட்ட வரிகள்

சப்டைட்டில் எழுதத் தொடங்கிய காலத்தில், திரையில் யார் வாய் அசைந்தாலும் எனக்குக் கை பரபரக்கும். ஒரு சொல்லும் விட்டுப்போகக் கூடாது என்பதுதான் எனக்குத் தெரிந்த நேர்மை. அதை உடைத்தவர் ஜார்ஜிய இயக்குநர் ஓட்டார் யோசெலியானி.

ஒரு திரையிடலுக்காக, அவர் 1970இல் எடுத்த படத்துக்கு ஆங்கில வரிகளிலிருந்து தமிழ் எழுதினேன். ‘பாடும் கரும்பறவை ஒன்று இருந்தது’ என்று அதைச் சொல்லலாம். நாயகன் கியா, ஜார்ஜியாவின் தலைநகர் திபிலிசியில் ஓர் இசைக்குழுவில் டிம்பனி முரசு வாசிப்பவன். தொடக்கத்தில் சில அடி, முடிவில் சில அடி, அவ்வளவுதான் அவன் வேலை. இடையில் ஊரெல்லாம் சுற்றிவிட்டுக் கடைசி நொடியில் ஓடிவந்து குச்சியைக் கையில் எடுப்பான். வழியில் பார்க்கிறவர்களோடெல்லாம் பேச்சு. ஒருவர் முடிக்கும் முன் இன்னொருவர் பேசுவார், பின்னால் யாரோ பாடுவார்கள். நான் எல்லாவற்றையும் எழுதினேன். ஓட்டிப் பார்த்தபோது படத்தையே காணோம், என் எழுத்துதான் தெரிந்தது.

அப்புறம்தான் அவரைப் பற்றித் தேடிப் படித்தேன். 1934இல் திபிலிசியில் பிறந்தவர். முதலில் படித்தது இசை, பிறகு மாஸ்கோவில் கணிதம், அதற்குப் பிறகுதான் சினிமா. அவருடைய ‘ஏப்ரல்’ படத்துக்குத் தடை வந்தபோது மீன்பிடிப் படகிலும் ருஸ்தாவி உருக்காலையிலும் வேலை பார்த்திருக்கிறார். அந்த ஆலையைப் பற்றி 1964இல் ஒரு குறும்படம் எடுத்தார். அதில் விவரிக்கும் குரலே கிடையாது, உலையும் மனிதர்களும் மட்டும்தான். ஆலை இரைச்சலுக்குள் நின்று வேலை செய்தவருக்கு, பேச்சும் பல ஓசைகளில் ஒன்றாகத்தான் கேட்டிருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. முகத்தருகே கேமராவைக் கொண்டுபோவதையும் அவர் பெரும்பாலும் தவிர்த்தார். எட்ட நின்று பார்த்தால்தான் நாலு பேர் சேர்ந்து இருப்பது தெரியும்.

1980களின் தொடக்கத்தில் பிரான்சுக்குப் போனார். 1989இல் செனகலில் எடுத்த படத்தில் ஊர்மக்கள் ஜோலா மொழியில் பேசுகிறார்கள். அந்தப் பேச்சுக்கு சப்டைட்டிலே வேண்டாமென்று விட்டுவிட்டு, அங்கங்கே காட்சிகளுக்கு நடுவே திரையில் எழுத்து மட்டும் வரும் சில அட்டைகளை வைத்தார். இதைப் படித்த அன்று நான் எழுதிய சப்டைட்டில் வரிகளை மறுபடி திறந்தேன். சரி, எது கேட்டே ஆக வேண்டியது, எது காதில் விழுந்தாலே போதும்? ஒவ்வொரு வரியாக இதே கேள்விதான். மூன்றில் ஒரு பங்கு போயிற்று. திரையிடலை நடத்திய நண்பர் பதறிப்போனார். “அண்ணே, மூணு பேர் பேசுறாங்க, ஒருத்தருக்குத்தான் வரி வருது?” முழுசாகப் பாருங்கள் என்று மட்டும் சொன்னேன். பார்த்தார். எதையும் திரும்பச் சேர்க்கச் சொல்லவில்லை.

2023 டிசம்பரில் யோசெலியானி திபிலிசியில் காலமானார். அன்றிரவு அந்தப் படத்தின் முடிவை மட்டும் போட்டுப் பார்த்தேன். கியா தெருவில் வண்டியில் அடிபட்டுப் போய்விட்டான். முன்பு ஒருநாள் கடிகாரக் கடைச் சுவரில் அவன் ஓர் ஆணி அடித்துக் கொடுத்திருந்தான். கடைக்காரர் தொப்பியைக் கழற்றி அதில் மாட்டுகிறார். அந்த இடத்துக்கு நான் ஒரு வரியும் எழுதியிருக்கவில்லை.