ரத்தத்தில் வெள்ளை அணுக்களின் எண்ணிக்கை (கவுண்ட்) ஏன் இப்படிச் சரிகிறது என்று புரிய எங்களுக்கு மூன்று மாதம் ஆனது

மகளுக்கு ஏ.எல்.எல். ரத்தப் புற்றுநோய், அப்போது ஆறு வயது. ஊசி, ட்ரிப்ஸ் கட்டங்கள் எல்லாம் முடிந்து மெயின்டனன்ஸ் (நோய் திரும்பாமல் இருக்க நீண்ட நாள் மாத்திரை கொடுக்கும் கட்டம்) ஆரம்பித்ததும் பாதி பாரம் இறங்கிய மாதிரி இருந்தது. தினமும் இரவு 50 மி.கி. சிக்ஸ்-எம்பி (மெர்கேப்டோப்யூரின்) ஒன்று, வாரம் ஒருநாள் மெத்தோட்ரெக்சேட், மற்றபடி வீட்டில்தான்.

ஐந்தாவது வாரம் நியூட்ரோஃபில், அதாவது கிருமியோடு சண்டை போடும் வெள்ளை அணு, வெறும் 180. அன்று இரவே காய்ச்சல். ஆட்டோ பிடித்து ஓடினோம், ஏழு நாள் ஆன்டிபயாடிக். கவுண்ட் ஏறியதும் மாத்திரையைத் திரும்பக் கொடுத்தார்கள், மறுபடியும் சரிந்தது. நம் கையாலேயே பிள்ளைக்கு விஷம் கொடுக்கிறோமா என்று மனைவி அழுதாள், எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

டாக்டரம்மாதான் ஒரு தாளில் படம் போட்டுக் காட்டினார். செல் இரண்டாகப் பிரியும் முன் டி.என்.ஏ.வைப் பிரதி எடுக்க வேண்டும், அதற்குப் பியூரின் என்கிற செங்கல் தேவை. இந்த மருந்து பியூரின் சாயலில் செய்த போலிச் செங்கல். உடம்பே அதை உருமாற்றி டி.என்.ஏ.வுக்குள் வைத்துக் கட்டிவிடும், அடுத்த முறை பிரதி எடுக்கும்போது பிசகி செல் செத்துப்போகும். புற்றுச் செல் மட்டுமல்ல, எலும்பு மஜ்ஜையில் வேகமாகப் பெருகும் நல்ல செல்களும் மாட்டும். அதனால் கவுண்ட் ஓரளவு இறங்கத்தான் வேண்டும். எங்கள் பிள்ளைக்கு மட்டும் ஏன் இவ்வளவு?

என்.யு.டி.டி.15 என்றொரு ஜீன் உண்டாம். அது தரும் நொதி, வேலைக்குத் தயாரான போலிச் செங்கலில் ஒரு பகுதியை உதவாமல் ஆக்கிவிடும். அந்த ஜீனில் மாற்றம் இருந்தால் தடுக்க ஆள் இல்லாமல் மருந்து அளவுக்கு மீறித் தாக்கும். ஐரோப்பியர்களிடம் இது அரிது, ஆசியர்களிடம், நம் இந்தியர்களிடமும் அதிகம். டெஸ்ட் எடுத்தோம், அந்த ஜீனின் இரண்டு பிரதியில் ஒன்றில் மாற்றம் இருந்தது. தினமும் அரை மாத்திரை என்று குறைத்தார்கள். அதன் பிறகு கவுண்ட் 700-க்கும் 1,400-க்கும் இடையில் நிற்கிறது, பள்ளிக்கூடமும் போகிறாள்.

இந்த மருந்தை 1951-இல் உருவாக்கியவர் கெர்ட்ரூட் எலியன். தாத்தா புற்றுநோயில் இறந்ததைப் பார்த்து வேதியியல் படிக்கப் போன பெண், 1988-இல் நோபல் வாங்கினார். அவர் படத்தை மகளிடம் காட்டியிருக்கிறேன்.

மெயின்டனன்ஸ் தொடங்கப் போகிறீர்களா, என்.யு.டி.டி.15, அதே மாதிரி இந்த மருந்தின் வேகத்தைப் பாதிக்கும் இன்னொரு ஜீனான டி.பி.எம்.டி., இரண்டின் டெஸ்ட் பற்றியும் இப்போதே கேளுங்கள், காய்ச்சல் வரும்வரை காத்திருக்காதீர்கள். கவுண்ட் குறைந்ததே என்று நீங்களாக மாத்திரையை நிறுத்தவும் வேண்டாம். யூரிக் அமிலத்துக்குத் தரும் அலோபியூரினால் இதோடு சேர்ந்தால் ஆபத்து, வேறு டாக்டரிடம் போனாலும் சிக்ஸ்-எம்பி சாப்பிடுவதை முதலில் சொல்லிவிடுங்கள்.