தடைசெய்யப்பட்ட ஒரு நெறியை எழுதப் போய், எட்டு மாதம் பட்ட பாடு

நான் எழுதிவரும் கற்பனைக் கதையில் அந்தப் பகுதியை நேற்று இரவுதான் முடித்தேன். கற்பனை உலகத்தில், ஆளும் சமயம் ஏற்காத ஒரு புறநெறியையும் அதை ஒடுக்கிய கதையையும் எழுத நினைப்பவர்கள் நான் விழுந்த குழியில் விழ வேண்டாம் என்றுதான் இதைப் பகிர்கிறேன்.

வரைபடம், நாட்காட்டி, அரச வம்சம் எல்லாம் இரண்டே வாரத்தில் முடிந்தன. இறந்தவரின் சாம்பலை ஆற்றுக்கோயில் படகில் ஏற்றி நடு ஆற்றில் கரைத்தால்தான் கதி கிடைக்கும் என்பது என் உலகத்தின் நம்பிக்கை. படகுக் கூலி கோயிலுக்கு. அதை மறுக்கிறது ஒரு கூட்டம். படை வருகிறது, சுவடிகள் எரிகின்றன, தலைவி சிரித்தபடி தீயில் இறங்குகிறாள். நாற்பது பக்கம் எழுதி நண்பரிடம் கொடுத்தேன். "அப்படி என்னதாங்க தப்பாச் சொல்லிட்டாங்க அவங்க?" என்று கேட்டார். என்னிடம் பதில் இல்லை. கோயில் கெட்டது, இவர்கள் நல்லவர்கள் என்பதற்கு மேல் நான் யோசிக்கவே இல்லை. நாற்பது பக்கமும் வீண்.

சரி, நிஜத்தில் நடந்ததைப் படிப்போம் என்று ஒரு நூலகத்துக்குப் போனேன். அறிமுகக் கடிதம் வேண்டும் என்றார்கள். கொண்டுபோனால் முத்திரை இல்லை என்றார்கள். முத்திரையோடு போன அன்றைக்கு, புத்தகம் பைண்டிங்குக்குப் போயிருப்பதாக நிமிர்ந்துகூடப் பார்க்காமல் சொன்னார் அங்கிருந்தவர். முதல் நாளே சொல்லியிருக்கலாம்! என்ன கடிதம் வேண்டும், புத்தகம் அலமாரியில் இருக்கிறதா, இரண்டையும் தொலைபேசியில் கேட்டுவிட்டுக் கிளம்புங்கள்.

கடைசியில் இன்னொருவரிடம் இரவல் வாங்கிப் படித்தது, தெற்கு பிரான்சில் 1318 முதல் 1325 வரை கத்தோலிக்க ஆயர் (பிஷப்) ஜாக் ஃபூர்னியே நடத்திய விசாரணைகளைப் பற்றி. திருச்சபை புறநெறி என்று ஒதுக்கிய கத்தார் (Cathar) என்ற கிறித்தவப் பிரிவினரைத் தேடிய விசாரணை அது. இவர்தான் 1334இல் போப் பன்னிரண்டாம் பெனடிக்ட் ஆனார். நான் தீயைத் தேடிப் போனேன், கிடைத்ததெல்லாம் காகிதம். எரிக்கப்பட்டவர்கள் சிலர்தான். பலருக்குச் சிறை, இல்லையென்றால் உடையில் மஞ்சள் சிலுவை தைத்துக்கொண்டு திரிய வேண்டும். மக்கள் ஊர்ப்பேச்சில் சொன்னதை எழுத்தர்கள் லத்தீனில் பதிந்துகொண்டார்கள். அந்த ஒரு தகவல் என் கதையையே புரட்டிப்போட்டது.

படையைத் தூக்கிவிட்டு ஓர் எழுத்தரை வைத்தேன். பிள்ளையைப் பறிகொடுத்த ஒருத்தி, "அவன் தானே போய்ச் சேர்ந்துட்டான்" என்று அழுகிறாள். அவர் கோயில்மொழியில் எழுதுகிறார்: 'படகு தேவையில்லை என்கிறாள்.' அவ்வளவுதான், குற்றம் உறுதி. அவளைக் காட்டிக்கொடுத்ததும் பூசாரி இல்லை. மகனின் படகுக்காக நிலத்தை விற்ற பக்கத்து வீட்டு அம்மா. படகு தேவையில்லை என்பது உண்மையானால், அவள் விற்ற நிலத்துக்கு என்ன அர்த்தம்? நண்பர் கேட்ட கேள்விக்கு எனக்குப் பதில் கிடைத்தது இங்கேதான்.

அப்புறம் வந்த சிக்கல் இரண்டு வாரத்தைத் தின்றது. இங்கிலாந்தில் திருச்சபையை எதிர்த்து எழுதிய சமய அறிஞர் விக்லிஃப் இறந்தது 1384இல். 1428இல் எலும்பைத் தோண்டி எரித்துச் சாம்பலை ஆற்றில் விட்டார்கள். அதை அப்படியே எடுத்துக்கொண்டேன். ஆனால் என் உலகத்தில் ஆற்றில் விட்டால் கதி கிடைத்துவிடுமே! தண்டனை எப்படி வரமாகும்? முடிவில் சாம்பலைப் பானையில் அடைத்துக் கோயில் நிலவறையில் பூட்டினேன். அந்தப் பூட்டிய கதவின் முன்னால் ஆட்கள் ரகசியமாக விளக்கேற்றத் தொடங்கியதும் கதை தானே நடந்தது. உங்கள் உலகத்தின் நம்பிக்கையை அதன் தண்டனையோடு உரசிப் பாருங்கள். நான் இதை முதலிலேயே செய்திருக்க வேண்டும்.

எல்லாச் சுவடியையும் எரித்துவிட்டால் பிற்காலத்தவருக்கு அந்த நெறி எப்படித் தெரியும்? இதற்கு வழிகாட்டியது குண்டலகேசி. பௌத்தக் காப்பியமான அது முழுதாகக் கிடைக்கவில்லை. அதை மறுக்க எழுந்த சமண நூலான நீலகேசியின் உரை, புறத்திரட்டு என்ற பழம்பாடல் தொகுப்பு போன்ற பிற நூல்களில்தான் அதன் சில பாடல்கள் மிஞ்சின. என் தலைவியின் சொற்களும் இப்போது கோயிலின் கண்டன நூலுக்குள்தான் இருக்கின்றன.

இன்று காலை நண்பர் அழைத்தார். "அந்தப் பக்கத்து வீட்டு அம்மாவை ஏங்க பொய் சொல்ல வச்சீங்க?" குரலில் நிஜமான கோபம். அவள் ஒரு பொய்கூடச் சொல்லவில்லை என்றேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்துவிட்டு, மறுபடி படித்துப் பார்க்கிறேன் என்று வைத்துவிட்டார்.