கமராவைத் திட்டிய அந்தப் பெண்

கிளிநொச்சியில் மழை பிடித்து மின்சாரமும் போன ஒரு இரவு, லப்டொப்பில் சார்ஜ் இருக்கும் மட்டும் இந்திய இயக்குநர் ஆனந்த் பட்வர்தனின் 1985ஆம் ஆண்டு ஆவணப்படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பம்பாயில் குடிசைகளை இடிப்பது பற்றியது. வீடிழந்த ஒரு பெண் படமெடுப்பவரையே திட்டுகிறார், எங்களைப் படம் பிடித்துப் பெயர் வாங்கத்தானே வந்தாய் என்கிற மாதிரி. அதைப் பட்வர்தன் வெட்டவில்லை.

எனக்குத் தொண்டை அடைத்துவிட்டது. 2009க்குப் பிறகு எங்கள் தறப்பாள் கொட்டிலுக்கு முன்னாலும் கமராக்கள் வந்து நின்றன. அழுதுகொண்டிருந்த அம்மாவிடம் ஒருவர், வெளிச்சம் சரியில்லை, திரும்பச் சொல்லுங்கள் என்றார். அம்மா முகத்தைத் துடைத்துவிட்டுத் திரும்பவும் சொன்னார். அந்தப் படத்தை நாங்கள் இன்றுவரை பார்க்கவில்லை.

பட்வர்தன் எழுபதுகளில் பீகார் மக்கள் கிளர்ச்சியைப் படமெடுத்துத் தொடங்கியவர். பெரும்பாலும் கமராவைத் தானே தூக்குவார், கேள்வியையும் தானே கேட்பார். தணிக்கைக்காரர் வெட்டச் சொன்னால் நீதிமன்றம் போவார், போய் வென்றும் வருவார். 1997இல் மும்பை ரமாபாய் நகரில் பொலிஸ் சுட்டு பத்துத் தலித்துகள் இறந்ததும், அதைத் தாங்காமல் பாடகர் விலாஸ் கோக்ரே உயிரை மாய்த்துக்கொண்டதும் பட்வர்தனை அடுத்த படத்துக்கு இழுத்தன. ‘ஜெய் பீம் காம்ரேட்’ என்ற அந்தப் படம் முடிந்தது 2011இல். பதினான்கு வருடம் அந்த மனிதர்களிடம் திரும்பத் திரும்பப் போயிருக்கிறார். அவரிடம் எனக்கு மிகப் பிடித்தது இந்தப் பொறுமைதான்.

சரி, நானும் இரணைமடுப் பக்கம் ஒரு மாமியின் வயல்கதையை எடுக்கத் தொடங்கியிருக்கிறேன். எடுத்த துண்டுகளை முதலில் மாமிக்குத்தான் போட்டுக் காட்டுகிறேன்.