வெண்ணெய் வழித்த கத்தி

பிப்ரவரி 3

டென்மார்க் இயக்குநர் கார்ல் டிரையர் பிறந்த நாள் இன்று. 1889இல் கோபன்ஹேகனில் பிறந்தவர். அவர் பெயரைச் சொன்னால் எல்லோருக்கும் தீயில் எரிக்கப்பட்ட பிரெஞ்சு வீராங்கனை ஜோன் ஆஃப் ஆர்க் பற்றி 1928இல் வந்த படம்தான் நினைவுக்கு வரும். நான் அதற்கு மூன்று ஆண்டுகள் முந்திய 'உன் மனைவியை மதிப்பாயாக' என்ற மௌனப் படத்தை, அடுப்படி வேலை முடிந்த பிறகு போட்டுப் பார்த்தேன். ஸ்வென் ரிண்டம் எழுதிய மேடை நாடகத்தைத் தழுவியது. விக்டர், அவன் மனைவி இடா, மூன்று குழந்தைகள், ஒரு சிறிய வீடு. தொழில் நொடித்துப்போன எரிச்சலை எல்லாம் வீட்டார் மீது கொட்டுகிறான் விக்டர்.

பாதியில் நிறுத்திவிட்டேன். ரொட்டியில் வெண்ணெய் போதவில்லை என்று அவன் குறை சொல்கிறான். இடா தன் ரொட்டியில் தடவியிருந்ததை வழித்து எடுத்து அவனுடையதில் தடவுகிறாள். அவ்வளவுதான் காட்சி. எல்லோருக்கும் தயிர் ஊற்றிய பிறகு, பாத்திரத்தில் ஒட்டியிருந்ததைத் தண்ணீர் விட்டு அலசித் தன் சோற்றில் ஊற்றிக்கொள்ளும் அம்மாவை நினைத்துக்கொண்டேன்.

பிப்ரவரி 4

மீதியையும் பார்த்தேன். உடைந்து நொறுங்கும் நிலைக்கு வந்துவிட்ட இடாவை அவள் தாயாரும் மாட்ஸ் கிழவியும் சேர்ந்து வெளியே அனுப்பிவிடுகிறார்கள். மாட்ஸ், விக்டரைச் சிறு வயதில் வளர்த்த ஆயா. இப்போது வீட்டுப் பொறுப்பை அவள் ஏற்கிறாள்; விக்டரை வேலை வாங்குகிறாள். செருப்பைத் தேய்த்துவிட்டான் என்று மகனைச் சுவர் மூலையில் நிற்கவைத்தவன், பிறகு அதே மூலையில் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு நிற்கிறான். மாட்ஸாக நடித்த மாதில்ட நீல்சனின் கண்களுக்கு எதிரே யாராக இருந்தாலும் நின்றிருப்பார்கள்.

பிப்ரவரி 6

இரண்டு நாளாக ஒரே எண்ணம். நாடகம் என்றால் பேச்சு. பேச்சைப் பிடுங்கிவிட்டால் என்ன மிஞ்சும்? டிரையர் அந்த இடத்தை வேலையால் நிரப்பியிருக்கிறார். படம் தொடங்கி வெகுநேரம் நாம் பார்ப்பது ஒரு காலைப்பொழுதை. கணவன் எழுவதற்குள் நடந்தாக வேண்டிய வேலைகளை இடாவும் மகளும் ஓசையின்றிச் செய்கிறார்கள். இடாவாக நடித்த ஆஸ்ட்ரிட் ஹோல்மின் முகத்தைவிட அவர் கைகளையே நான் அதிகம் பார்த்தேன்.

இதற்கு அந்த வீடு முக்கியம். டிரையர் உண்மையான இரண்டு அறைக் குடியிருப்பு ஒன்றில் எடுக்க விரும்பினார். கேமராவும் விளக்குகளும் அதற்குள் அடங்கவில்லை. ஆகவே ஸ்டுடியோவுக்குள்ளேயே நான்கு சுவர்களோடு ஒரு முழு வீட்டைக் கட்டவைத்தார். எரிவாயு, குழாய்த் தண்ணீர், மின்சாரம் எல்லாம் உண்மையாகவே வேலை செய்தன. மேடை வீட்டுக்கு மூன்று சுவர் போதும், நான்காவது பக்கம் நாம் அமர்ந்திருப்போம். இங்கே நமக்கென்று விட்டுவைத்த பக்கம் இல்லை. இடா அடுப்புக்கும் மேசைக்கும் நடக்கும்போது அவளோடு நாமும் அந்த நெருக்கடிக்குள் அகப்பட்டுக்கொள்கிறோம்.

பிப்ரவரி 7

தலைப்பைப் பற்றி எழுத மறந்துவிட்டேன். நாடகத்தின் பெயர் 'கொடுங்கோலனின் வீழ்ச்சி'. டிரையர் அதை மாற்றி, விவிலியக் கட்டளையின் தோரணையில் 'உன் மனைவியை மதிப்பாயாக' என்று வைத்தார். ஆங்கிலத்தில் போனபோது 'வீட்டின் எஜமானன்' ஆகிவிட்டது! மனைவி இருந்த ஒரே தலைப்பிலிருந்தும் அவளை எடுத்துவிட்டார்கள். எனக்கு உண்மையாகவே கோபம் வருகிறது.

பிப்ரவரி 9

படத்தின் மீது எனக்கு ஒரு வருத்தம் உண்டு. விக்டர் திருந்துகிறான், இடா திரும்பி வருகிறாள், இடாவின் தாயார் கடை வாங்கக் காசோலை தருகிறார், கடிகாரத்தின் இதய வடிவ ஊசல் ஆடுகிறது. அவனைத் திருத்தும் வேலையும் பெண்கள் தலையிலேயே விழுந்தது. அதற்குப் பணமும் ஒரு பெண்தான் கொடுத்தாள். ஆனாலும் யோஹன்னஸ் மேயரின் விக்டரை என்னால் வெறுக்க முடியவில்லை. மெல்ல மெல்ல வெட்கம் ஏறும் அந்த முகத்தை அவர் அவசரப்படுத்தவே இல்லை.

இந்தப் படம் பிரான்சில் பெற்ற வரவேற்பால்தான் அங்கே படமெடுக்க டிரையருக்கு அழைப்பு வந்தது, ஜோன் பிறந்தாள். அடுப்படியிலிருந்துதான் அவர் அந்தத் தீக்குண்டத்துக்குப் போயிருக்கிறார்.

பிப்ரவரி 11

அம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். எழுத்து அட்டைகள் வரும்போதெல்லாம் நான் தமிழில் சொன்னேன். சிறிது நேரத்தில், "சொல்லாதே, புரிகிறது" என்று கையமர்த்தினார். வெண்ணெய்க் காட்சியில் ஒன்றும் சொல்லவில்லை. விக்டர் மூலையில் நின்றபோது சிரித்தார். முடிந்ததும் ஒரே ஒரு கேள்வி கேட்டார்:

"அந்தக் கிழவி எப்போது சாப்பிட்டாள்?"

நான் கவனிக்கவில்லை. நாளை இரவு மாட்ஸை மட்டும் பார்த்துக்கொண்டு மறுபடி முதலிலிருந்து பார்க்கப் போகிறேன்.