பாட்டியின் முகமும் கரும்புத் தோகையும்

மொரீஷியஸில் கரும்பு வெட்டிய ஒரு பாட்டியைப் பற்றிய எங்கள் படத்திலிருந்து அவர் முகத்தை எடுத்துவிடச் சொன்னவர் இயக்குநர். படத்தொகுப்பாளனாக அதைச் செய்தவன் நான். அன்று எனக்கும் அதுவே சரியாகப் பட்டது.

படத்தின் பெரும்பகுதிக்குக் கேமராவே கிடையாது. சலவைச் சோடாவும் வைட்டமின் சியும் கரைத்த நீரில் கரும்புத் தோகையை ஊறவைத்து, 16 மி.மீ. கறுப்பு வெள்ளை ஃபிலிமின் மேல் பரப்பி வெயிலில் வைத்தோம். இலையின் சாறே ஃபிலிமில் வேலை செய்து, நரம்பு நரம்பாகத் தன் உருவத்தைப் பதித்துவிடும். ஒரு மீட்டர் தோகை திரையில் ஐந்தரை விநாடி ஓடும். அதன் மேல் பாட்டியின் குரல்: ஃப்ளாக் மாவட்டத்துக் கரும்புத் தோட்டங்களுக்கு விடியுமுன் நடந்தது, சுணை அறுக்காமலிருக்கக் கையில் துணி சுற்றிக்கொண்டது.

ஊரில் திரையிட்ட அன்று கடைசிவரை பார்த்துவிட்டு என்னிடம் வந்தார்.

"குரல் கேட்கிறது. நான் எங்கே?"

"அந்தத் தோகைதான் நீங்கள், பாட்டி."

"தோகையை நான் வெட்டினேன், தம்பி. அது எப்படி நானாகும்?"

நான் நம்பித்தான் சொன்னேன். கரும்பு மொரீஷியஸின் செடி அல்ல. 1639இல் டச்சுக்காரர்கள் ஜாவாவிலிருந்து கொண்டுவந்தது. முதலில் கருங்காலிக்காகவும் பிறகு கரும்புக்காகவும் அழிந்த பூர்விகக் காட்டில் இன்று 2 சதவீதம்கூட மிஞ்சவில்லை. 1834 முதல் ஒப்பந்தக் கூலிகள் வந்ததும் அந்தக் கரும்புக்காகத்தான். செடியும் மனிதரும் ஒன்றாக வேர்விட்ட கதை இது என்ற எண்ணம் எனக்கு இன்றும் பிடித்திருக்கிறது. அறுவடைக் காலம் முழுக்கக் கரும்போடு மல்லுக்கட்டியவருக்கு அப்படித் தோன்ற வேண்டிய அவசியமில்லை.

முகத்தை வைத்திருந்தால் பார்த்தவர்கள் இரக்கப்பட்டுவிட்டு எழுந்து போயிருப்பார்கள். அந்த இரக்கத்திலிருந்து அவரைக் காத்தோம் என்று சொல்லிக்கொள்கிறேன். அவர் அப்படிக் காக்கச் சொல்லவில்லையே என்றும் தோன்றுகிறது. நாங்கள் எடுத்துவிட்ட காட்சியில் பாட்டி புதுப்புடவை கட்டியிருக்கிறார். பேசத் தொடங்குமுன் பொட்டைத் தொட்டுச் சரிசெய்கிறார், முந்தானையை இழுத்துவிட்டுக்கொள்கிறார், "ஆரம்பிக்கலாமா?" என்று எங்களைக் கேட்கிறார். தான் எப்படித் தெரிய வேண்டும் என்பதை அவர் முடிவுசெய்துகொண்டுதான் வந்திருந்தார்.

முகத்தைத் திரும்பச் சேர்க்கலாமா என்று இயக்குநர் போன வாரம் கேட்டார். வேண்டாம் என்றேன். அந்த இடத்தில் முகம் வந்தால் படம் குலைந்துவிடும் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. பாட்டி கேட்டது நியாயம் என்பதிலும் சந்தேகமில்லை.